417ஆம் எண் நடனச் சுவடிக்கு ஒரு கரையான் சான்றிதழ்

மதிப்பிற்குரிய சம்பந்தி அவர்களின் சமூகத்துக்கு,

தங்கள் மகளின் மாமனார் பணிவோடு எழுதிக்கொள்வது. இந்த வீட்டில் என்னைத் தவிர எல்லோரும் சௌக்கியம். தங்கள் வீட்டிலும் எல்லோரும் சௌக்கியமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். இந்தக் கடிதத்தைப் படித்து முடிக்கிற வரைக்கும் அந்தச் சௌக்கியம் நீடிக்க வேண்டும் என்பது என் ஆசை. சம்பந்தியம்மாளுக்கு ரத்த அழுத்தம் என்று கேள்விப்பட்டேன். ஆகவே அவர்களுக்கு இதை உரக்கப் படித்துக் காட்ட வேண்டாம். தாங்களும் நின்றுகொண்டு படிக்காதீர்கள்.

விஷயத்துக்கு நேராகவே வந்துவிடுகிறேன். தங்கள் கம்பெனித் தாளில், தங்கள் முத்திரையோடும் கையெழுத்தோடும், "சுவடிக் காப்பகத்தின் 417ஆம் எண் பெட்டியில் இருந்த சுவடியைக் கரையான் முழுமையாகத் தின்றுவிட்டது" என்று எனக்கு ஒரு சான்றிதழ் வேண்டும். வருகிற புதன்கிழமை காலை பத்து மணிக்குள் வேண்டும். தேதியை மட்டும் ஆறு மாதம் முன்னால் போட வேண்டும். முப்பது வருடமாகக் கரையான் மருந்து அடிக்கும் தொழிலில் இருந்தும், கரையானைக் கண்ணால் காணாமல் ஒரு துண்டுச் சீட்டில்கூடக் கையெழுத்துப் போடாதவர் தாங்கள் என்பது எனக்குத் தெரியும். தங்கள் மகளே அதைப் பலமுறை பெருமையாகச் சொல்லியிருக்கிறாள். அப்பேர்ப்பட்ட மனுஷரிடம் போய் இப்படிக் கேட்கிறானே, இவனுக்கு வெட்கம் மானம் ஒன்றும் கிடையாதா என்று தாங்கள் நினைத்தால் அது நியாயம்தான். இருந்தது சம்பந்தி. முப்பத்தேழு வருடத்துக்கு முன்னால், ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம் நாலே முக்கால் மணிக்குப் போய்விட்டது. எப்படிப் போனது என்று சொல்கிறேன்.

நான் சுவடிக் காப்பகத்தில் அட்டவணை எழுத்தராகச் சேர்ந்த புதிது. அங்கே இருந்த மூவாயிரம் சுவடிக்கும் புதிதாக எண் போடும் வேலையை என் தலையில் கட்டினார்கள். அதற்கென்று ஒரு கை மிஷின் உண்டு. ஒரு குத்துக் குத்தினால் எண் விழும். விழுந்ததும் தானாகவே அடுத்த எண்ணுக்கு மாறிக்கொள்ளும். 416ஐக் குத்தியபோது மை சரியாகப் படியவில்லையே என்று, வெறும் மேஜையில் ஒரு தரம் குத்திப் பார்த்தேன். அவ்வளவுதான் நான் செய்த பாவம். 417 மேஜைக்குப் போய்விட்டது. இதை நான் கவனித்தபோது இரண்டாயிரத்துத் தொள்ளாயிரம் சுவடி தாண்டியிருந்தது. அன்றைக்கு வெள்ளிக்கிழமை, திங்கட்கிழமை காப்பாளர் வந்து பதிவேட்டைப் பார்ப்பார். அவருக்கு நாங்கள் வைத்திருந்த பெயர் பூதக்கண்ணாடி. ஓர் எண் விட்டுப்போனால் ஒரு சுவடி காணோம் என்று அர்த்தம், சுவடி காணோம் என்றால் எழுத்தன் தூக்கிக்கொண்டு போய்விட்டான் என்று அர்த்தம், அதற்கு மேல் அவர் யோசிக்கவே மாட்டார். மேஜையைச் சுரண்டிப் பார்த்தேன், துடைத்துப் பார்த்தேன், எச்சில் தொட்டும் பார்த்தேன். எண் அசையவில்லை. மேஜையைச் சுவடி என்று பதிவேட்டில் ஏற்ற முடியாது. சரி, இல்லாத சுவடி ஒன்றை ஏற்றிவிடுவோம் என்று முடிவு செய்தேன்.

என்ன சுவடி என்று எழுதுவது? மருத்துவம் என்று எழுதினால் மறுநாளே வைத்தியர் நாலு பேர் வாசலில் நிற்பார்கள். ஜோதிடம் என்றால் ஊரே வரும். புதையல் என்றால் சுவரை இடித்துவிடுவார்கள். யாருமே கேட்காத விஷயமாக இருக்க வேண்டும். எங்கள் ஆபீஸில் குனிந்து செருப்பு மாட்டவே பாதிப் பேருக்கு ஆள் துணை வேண்டும். ஆகவே நடனம் என்று எழுதினேன். வெறும் நடனம் என்றால் யாராவது ஆசைப்பட்டுத் தொலைப்பார்களோ என்று "புனித" என்று முன்னால் சேர்த்தேன். அதுவும் போதாமல் "மறைபொருள்" என்று சேர்த்தேன். மறைபொருள் என்று போட்டுவிட்டால், புரியவில்லை என்பது படிக்கிறவன் குற்றமாகிவிடும், எழுதினவனை ஒருவனும் கேட்க மாட்டான். கடைசியில் வந்தது இது: "மிகத் தொன்மையான புனித மறைபொருள் நடனச் சுவடி. ஏடுகள் 64. தொட்டால் உதிரும். பெட்டியைத் திறக்கலாகாது." கையெழுத்துப் போட்டேன். மணி நாலே முக்கால். ஐந்து மணிக்கு வழக்கம்போல வீட்டுக்குக் கிளம்பினேன்.

கிளம்புவதற்கு முன்னால் ஒரு காரியம் செய்தேன், அதுதான் இப்போது கழுத்தைப் பிடிக்கிறது. பெட்டி என்று ஒன்று இருக்க வேண்டுமே. காலியாக ஒரு மரப்பெட்டி கிடந்தது. ஆனால் பூதக்கண்ணாடி எதையும் தூக்கிப் பார்க்கிற ஆள், எடை வேண்டும். கையில் இருந்தது என்னுடைய டிபன் கேரியர் ஒன்றுதான். இரண்டடுக்கு எவர்சில்வர். கழுவித்தான் வைத்தேன் சம்பந்தி, அந்த அளவுக்கு எனக்கு நாகரிகம் உண்டு. சிவப்புத் துணி சுற்றி உள்ளே வைத்து, ஆணி அடித்து, அரக்கு வைத்து மூடினேன். வீட்டுக்குப் போனதும் "கேரியர் எங்கங்க?" என்றாள் என் மனைவி. "பஸ்ஸில விட்டுட்டேன்" என்றேன். கல்யாணத்துக்கு வந்த கேரியர் அது. மூடியில் என் பெயர், அவள் பெயர், கல்யாணத் தேதி மூன்றும் வெட்டியிருக்கும். பாவம், இன்றுவரைக்கும் பஸ் கண்டக்டர்களை அவள் ஒரு மாதிரியாகத்தான் பார்க்கிறாள்.

அத்தோடு முடிந்திருக்கும். பூதக்கண்ணாடி விடவில்லை. வருடத்துக்கு ஒருமுறை இருப்புச் சரிபார்ப்பு நடக்கும்போது எழுத்தர்கள் பெட்டியைத் திறக்காமலே "உள்ளது, உள்ளது" என்று டிக் அடித்துத் தள்ளுகிறார்கள் என்று அவருக்குச் சந்தேகம். (அடித்தோம்தான்.) ஆகவே ஒரு விதி போட்டார்: ஒவ்வொரு சுவடியையும் பார்த்ததற்கு அத்தாட்சியாக, அதில் ஏதாவது ஓர் ஏட்டிலிருந்து இரண்டு வரி எடுத்துச் சரிபார்ப்புச் சீட்டில் எழுத வேண்டும். போன வருடம் எழுதிய வரியையே மறுபடி எழுதக் கூடாது. திறக்கலாகாத பெட்டியிலிருந்து எப்படி வரி எடுப்பது என்று கேட்டேன். "பக்குவமா திறந்து, பக்குவமா மூடு" என்றார். அவர் ரிடையர் ஆனார், காலமும் ஆனார், விதி மட்டும் அப்படியே இருந்தது. நான் ஓய்வு பெறும்வரை முப்பத்தொரு வருடம், வருடத்துக்கு இரண்டு வரி, அந்த இல்லாத சுவடியிலிருந்து எடுத்து எழுதிக்கொண்டே இருந்தேன்.

பழைய நடையில் எழுதுவது எனக்குக் கஷ்டமாக இல்லை. நாளெல்லாம் சுவடியோடு புழங்கினவனுக்கு அது தானாக வரும். என்ன எழுதுவது என்பதில்தான் திண்டாட்டம். எனக்கு நடனம் தெரியாது. ஆகவே அந்தந்த வருடம் என் காலுக்கு என்ன நேர்ந்ததோ அதை எழுதினேன். முதல் வருடம் புதுச் செருப்பு கடித்தது: "இடது பெருவிரல் தரையை வெறுக்கட்டும், வலப்பாதம் அதன் பாரத்தையும் சுமக்கட்டும்." இன்னொரு வருடம், துடைத்த தரையில் கால் வைத்ததற்குத் துப்புரவு அம்மாள் என்னைக் கிழி கிழியென்று கிழித்தார்: "ஈர உலகை நுனிப்பாதத்தால் கட, பின்னே குரல் எழுந்தால் திரும்பாதே." ஒரு வருடம் முழுக்க நான் ஆபீசுக்குத் தாமதமாகப் போய், காப்பாளர் அறையைப் பதுங்கிப் பதுங்கிக் கடந்தேன்: "மூன்றடி நட. நில். சிரத்தைப் பாதி திருப்பு. எவரும் இலையெனில் நட." இப்படி அறுபத்திரண்டு வரி. இந்த அறுபத்திரண்டு வரிக்குத்தான் தங்கள் மகள் நானூற்றுப் பன்னிரண்டு பக்கத்தில் ஆய்வேடு எழுதியிருக்கிறாள்.

சம்பந்தம் பேச வந்த அன்று தங்கள் வீட்டு ஹாலில் நடந்தது ஞாபகம் இருக்கும். "என்னம்மா ஆராய்ச்சி பண்றே?" என்று சும்மா ஒரு பேச்சுக்குத்தான் கேட்டேன். "417ன்னு ஒரு நடனச் சுவடி மாமா. அதோட சரிபார்ப்புச் சீட்டு மட்டும்தான் பார்க்க விட்டாங்க. நீங்க அங்கதான வேலை பார்த்தீங்க?" என்றாள். என் கையிலிருந்த தண்ணீர் டம்ளர் தரைக்குப் போனது. மருமகளாக வரப்போகிறவளின் படிப்பைக் கேட்டு மாமனார் மெய்சிலிர்த்துவிட்டார் என்று தாங்கள் எல்லோரிடமும் சொன்னீர்கள். அது சிலிர்ப்பு இல்லை சம்பந்தி, வியர்வை. அன்றைக்கே சொல்லியிருக்க வேண்டும். என் பையன் அவளைப் பார்த்துக்கொண்டிருந்த பார்வையைப் பார்த்தேன், வாய் வரவில்லை. கல்யாணம் முடியட்டும் என்று இருந்தேன். முடிந்தது. வந்த மறுவாரமே ஒரு நோட்டும் பேனாவுமாக என் எதிரே உட்கார்ந்தாள்.

"மாமா, அதை முப்பத்தொரு வருஷம் நேர்ல பார்த்த ஒரே ஆளு நீங்கதான். எப்படி இருக்கும்?"

"பழசா இருக்கும்மா."

"வாசனை?"

"பழைய வாசனை."

அதையும் எழுதிக்கொண்டாள். பக்கம் முப்பத்தெட்டில் இருக்கிறது. செருப்பு கடித்த விரல் அங்கே அகந்தை ஆகியிருக்கிறது. ஈரத் தரை நிலையாமை ஆகியிருக்கிறது. காப்பாளர் அறையைத் தாண்டிப் பதுங்கின நடைக்கு மட்டும் பதினோரு பக்கம்; ஆன்மா தன் முற்பிறவி பின்தொடர்கிறதா என்று திரும்பிப் பார்க்கிற இடமாம் அது. படித்தபோது எனக்கே, அடேயப்பா, இவ்வளவு இருக்கிறதா என்று தோன்றியது. எழுதினவன் நான்தான் என்று நினைவு வந்ததும் ஆய்வேட்டை மூடி வைத்துவிட்டேன்.

படிப்போடு விட்டாளா? ஆட ஆரம்பித்துவிட்டாள். தினம் காலையில் ஹாலில் நாற்காலியை எல்லாம் ஓரம் கட்டிவிட்டு ஆடுவாள். சும்மா சொல்லக் கூடாது, அவள் ஆடும்போது பார்த்தால் அது செருப்புக் கடி என்று யாரும் சொல்ல மாட்டார்கள். முதல் நாள் பார்த்தபோது எனக்குக் கண் கலங்கிவிட்டது. தூசி என்று சொல்லிவிட்டு மொட்டை மாடிக்குப் போய்விட்டேன். பிறகு என் மனைவியும் சேர்ந்துகொண்டாள். முட்டி வலிக்கு எட்டு வருடம் மாத்திரை விழுங்கினவள், ஈர உலகை நுனிப்பாதத்தால் கடந்து கடந்து வலி போய்விட்டது என்கிறாள். "பெரியவங்க சும்மாவா எழுதி வச்சிருக்காங்க? அந்தக் காலத்து ஆளுங்க ஞானிங்க. உங்களை மாதிரியா?" என்று என்னையே கேட்கிறாள். அக்கம்பக்கத்துப் பெண்கள் ஒன்பது பேர் இப்போது வருகிறார்கள். கீழ் வீட்டுக்காரர் தலைக்கு மேலே விளக்கு ஆடுகிறது என்று புகார் சொல்ல வந்தார். போன வாரம் பார்த்தால் அவருடைய மனைவி பத்தாவது ஆளாகக் கடைசி வரிசையில் நிற்கிறார்.

இதெல்லாம் இப்படியே ஓடியிருக்கும். பத்து நாளைக்கு முன்னால் தேர்வாளரிடமிருந்து கடிதம் வந்தது. பெரிய பேராசிரியர், அவர் தலையசைத்தால் பட்டம், இல்லையென்றால் இல்லை. வாய்மொழித் தேர்வைக் காப்பகத்திலேயே வைத்துக்கொள்ளலாம், 417ஆம் பெட்டியை எல்லோர் முன்னிலையிலும் திறந்து, சுவடியை மேஜையில் வைத்துக் கேள்வி கேட்கப்போகிறேன் என்று எழுதியிருந்தார். காப்பகத்தார் சம்மதித்துவிட்டார்கள். தங்கள் மகள் அந்தக் கடிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு சின்னக் குழந்தை மாதிரி குதித்தாள். "மாமா, கடைசில நானும் பார்க்கப்போறேன்!" ஆக, புதன்கிழமை பத்து மணிக்கு உலகத்திலேயே தொன்மையான நடனச் சுவடியைத் திறந்தால், உள்ளே என் பெயரும் என் மனைவி பெயரும் எங்கள் கல்யாணத் தேதியும் இருக்கும். அவளுக்குக் கல்லூரியில் விரிவுரையாளர் வேலை சொல்லி வைத்திருக்கிறார்கள், பட்டம் வந்தால் வேலை. நாலு வருட உழைப்பு. அவ்வளவும் ஒரு டிபன் கேரியரில் போய்விடும்.

உண்மையைச் சொல்லிவிடலாமே என்று தாங்கள் கேட்பீர்கள். முயற்சி பண்ணாமல் இல்லை. முதலில் இப்போதைய காப்பாளரிடம் போனேன். பெட்டியில் ஒன்றும் இல்லை சார், நான்தான் எழுதினேன் என்றேன். அவர் எழுந்து கதவைச் சாத்தினார். "சார், வயசானா மறதி வரும், அது சகஜம். அதுல ஒண்ணும் இல்லைன்னா, ஆறு வருஷமா 'உள்ளது'ன்னு நான் எப்படிக் கையெழுத்துப் போட்டிருப்பேன்?" என்றார். அந்த ஆறு வருடத்துக்கு இரண்டு இரண்டு வரி எங்கிருந்து எடுத்தீர்கள் என்று கேட்டேன். ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். "உங்க பழைய சீட்டைப் பார்த்து முன்ன பின்ன மாத்திப் போட்டேன்" என்றார். பிறகு டீ வாங்கிக் கொடுத்து, பெட்டி இருக்கும் அறையைக் காட்டினார். கட்டிடத்திலேயே ஏசி போட்ட ஒரே அறை அதுதான். காப்பாளருக்கே மின்விசிறிதான். என் டிபன் கேரியர் குளுகுளுவென்று இருக்கிறது.

அடுத்து அந்தப் பேராசிரியருக்கே போன் பண்ணினேன். ஐயா, அந்தச் சுவடி உண்மையில் கிடையாது என்று ஆரம்பித்தேன், முடிக்க விடவில்லை. "யாருகிட்ட பேசறீங்க? நாப்பது வருஷத்துக்கு முன்னாடி, மாணவனா இருந்தப்ப, அந்தச் சுவடிய இதே கையால புரட்டினவன் நான்!" என்றார். நான் மனசுக்குள் கூட்டிப் பார்த்தேன். சுவடி பிறப்பதற்கு மூன்று வருடம் முன்னாலேயே பார்த்திருக்கிறார். அதோடு நிற்கவில்லை. "இன்னொண்ணும் சொல்றேன். அறுபத்துநாலு ஏடுன்னு எழுதி வச்சிருக்கீங்க. நான் பார்த்தப்ப எழுபத்திரண்டு. எட்டு ஏடு எங்க போச்சு? அப்ப எழுத்தரா இருந்தது யாருன்னு புதன்கிழமை விசாரிக்கத்தான் போறேன்" என்று வைத்துவிட்டார். இல்லாத சுவடியை உண்டாக்கினேன் என்று ஒப்புக்கொள்ளப் போனேன் சம்பந்தி, அதில் எட்டு ஏட்டைத் திருடினேன் என்று பழி வாங்கிக்கொண்டு வந்தேன். வேலியில் போன ஓணானை எடுத்து வேட்டிக்குள் விட்டுக்கொண்டவன் என்பார்களே, அது நான்தான்.

கடைசியாக மருமகளிடமே சொல்லிவிடுவது என்று நேற்றுப் போய் நின்றேன். அவள் ஆய்வேட்டின் முதல் பக்கத்தைத் திருப்பிக் காட்டினாள். "இச்சுவடியைத் தம் கண்ணால் கண்டு, முப்பத்தொரு ஆண்டுகள் காத்த என் மாமாவுக்கு" என்று அச்சடித்திருந்தது. "நல்லா இருக்கா மாமா?" என்றாள். "நல்லா இருக்கும்மா" என்று சொல்லிவிட்டு வந்துவிட்டேன். ராத்திரி சாப்பிடவில்லை. அவள் என்னைத் திட்டினால் தாங்கிக்கொள்வேன். அந்தப் பக்கத்தைக் கிழித்துப் போட்டுவிட்டு ஒன்றும் பேசாமல் போய்விட்டாளானால், அதை என்னால் தாங்க முடியாது. என்ன செய்வதென்றே புரியாமல்தான் தங்களிடம் வந்து நிற்கிறேன்.

ஆகையால் இதற்கு ஒரே வழி கரையான்தான். கரையான் தின்றுவிட்டது என்றால் யார் மீதும் குற்றம் இல்லை. சுவடி இருந்தது, இப்போது இல்லை, அவள் ஆய்வேடுதான் இனி அதற்கு ஒரே சாட்சி. பட்டமும் போகாது, பேராசிரியரின் எட்டு ஏட்டையும் கரையான் கணக்கிலேயே சேர்த்துவிடலாம். செவ்வாய்க்கிழமை பெட்டியைத் துடைக்கிற சாக்கில் உள்ளே போய்க் கேரியரை எடுத்துவிடுவேன். கரையானைப் பார்க்காமல் கையெழுத்துப் போட மாட்டேன் என்று தாங்கள் பிடிவாதம் பிடித்தால், அதற்கும் வழி வைத்திருக்கிறேன்: தாங்களே ஒரு டப்பாவில் நாலைந்து கரையான் கொண்டுவந்து, பெட்டிக்குள் விட்டு, பார்த்துவிட்டு, கையெழுத்துப் போடலாம். அதில் பொய் ஒன்றும் இல்லை. ஒருவேளை கேரியரை எடுக்க முடியாமல் போய்விட்டால், கரையான் எவர்சில்வரைத் தின்னுமா என்பதைத் தொழில் தெரிந்தவர் என்ற முறையில் தாங்கள்தான் சொல்ல வேண்டும்.

சம்பந்தியம்மாளுக்கு என் வணக்கத்தைச் சொல்லவும். தங்கள் வீட்டு நிலைப்படியும் கதவும் ஜன்னலும் பூச்சி பொட்டு அண்டாமல் நூறு வருடம் நிற்கட்டும். தங்கள் தொழிலுக்கு வேண்டிய கரையான் மற்றவர்கள் வீட்டில் பெருகட்டும். மூத்தவன் என்ற முறையில் ஆசிகளும், உதவி கேட்கிறவன் என்ற முறையில் நமஸ்காரங்களும்.

இப்படிக்கு,
வெட்கத்தோடு,
தங்கள் சம்பந்தி.

பின்குறிப்பு: மேலே எழுதியிருப்பதில் எதையும் செய்ய வேண்டாம்.

கடிதத்தை உறையில் போட்டுவிட்டு மருமகளிடம் விலாசம் கேட்கப் போனேன். "அப்பாவுக்கா? குடுங்க மாமா, நானும் ஒரு ஓரத்துல கொஞ்சம் எழுதிட்டு ஒட்டறேன்" என்று கையிலிருந்து வாங்கிக்கொண்டு போய்விட்டாள். மகள் அப்பாவுக்கு எழுத ஆசைப்படுவாள் என்பது எனக்குத் தோன்றவே இல்லை. பின்னாலேயே ஓடினேன், அதற்குள் கதவைச் சாத்திவிட்டாள். எல்லாப் பக்கத்தையும் படித்திருக்கிறாள். முக்கால் மணி நேரம் கழித்து வெளியே வந்தாள். முகம் வீங்கியிருந்தது. 

"நாலு வருஷம் மாமா. நாலு வருஷம் ஒத்தக் கால்ல நின்னிருக்கேன்" என்றாள். நான் தலையைக் குனிந்துகொண்டேன். "ஒண்ணே ஒண்ணு கேக்கறேன், அதுக்காவது நெசத்தச் சொல்லுங்க. பத்தொன்பதாம் வருஷச் சீட்டு. 'வாயில் திறக்கும்தோறும் ஓரடி வை; அழைப்பு இல்லையெனில் வைத்த அடியை எடு.' அத ஆடும்போது மட்டும் ஏன்னு தெரியாம எனக்கு அழுக வரும். அது என்ன செருப்பு?"

அது செருப்பு இல்லை சம்பந்தி. அந்த வருடம் என் மனைவிக்கு ஆபரேஷன் நடந்து, பதினோரு நாள் கண் திறக்கவில்லை. வராந்தாவில் நின்றிருந்தேன். அந்தக் கதவு திறக்கும்போதெல்லாம் என்னைத்தான் கூப்பிடப்போகிறார்கள் என்று ஓரடி எடுத்து வைப்பேன். வேறு யாரையாவது கூப்பிடுவார்கள். வைத்த காலைப் பின்னால் எடுத்துக்கொள்வேன். அந்த வாரம்தான் சரிபார்ப்புச் சீட்டுக் கேட்டு ஆபீஸிலிருந்து ஆள் வந்தான். அங்கேயே சுவரில் வைத்து எழுதிக் கொடுத்தனுப்பினேன். இதை நான் இதுவரை ஒருவரிடமும் சொன்னதில்லை. சொல்லிவிட்டுத் திரும்பினால் சமையலறை வாசலில் என் மனைவி நிற்கிறாள். எல்லாம் கேட்டிருக்கிறாள். "பதினோரு நாளும் நின்னுக்கிட்டா இருந்தீங்க?" என்றாள். பிறகு, "அங்கதான் பெஞ்சு இருந்துச்சே" என்றாள். உள்ளே போய் எனக்குக் காபி கொண்டுவந்தாள். கேரியரைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை.

மருமகள் கண்ணைத் துடைத்துக்கொண்டு ஆய்வேட்டை எடுத்து வைத்தாள். தலைப்பில் "மிகத் தொன்மையான" என்ற இரண்டு சொல்லை மட்டும் பேனாவால் அடித்தாள். "இது பொய் இல்ல மாமா. பழசு இல்ல, அவ்வளவுதான்" என்றாள். புதன்கிழமை எல்லோர் முன்னாலும் தானே எழுந்து இதைச் சொல்லப் போகிறாளாம். பட்டம் என்னம்மா ஆகும் என்றேன். "குடுக்காமலும் போகலாம்" என்றாள். சொல்லிவிட்டுப் பேனாவை மூடி மூடித் திறந்தாள். பேராசிரியர் என்ன சொல்வாரோ என்றேன். அப்போதுதான் முதல் தரம் சிரித்தாள். "அவருக்கு எட்டு ஏடு குறையுதாமே, எழுதிக் குடுத்துருங்க" என்றாள்.

அந்த முதல் பக்கத்தை அவள் கிழிக்கவில்லை. "தம் கண்ணால் கண்டு" என்பதையும் "காத்த" என்பதையும் அடித்துவிட்டு "எழுதிய" என்று போட்டிருக்கிறாள். பெட்டியை நான்தான் என் கையால் திறக்க வேண்டும் என்கிறாள். சரி என்று தலையாட்டிவிட்டேன். ஆகவே சம்பந்தி, சான்றிதழ் வேண்டாம், டப்பாவும் வேண்டாம், தாங்கள் மட்டும் வாருங்கள். அவள் பேசும்போது என்னால் நிற்க முடியுமா என்று தெரியவில்லை. பக்கத்தில் வந்து என் கையைப் பிடித்துக்கொள்ளுங்கள்.